ஆட்டத்தில் தெளிவு, பதிவில் மங்கல்: கணினி விளையாட்டுப் பதிவு கேள்வி-பதில்

விளையாடும்போது கண்ணாடி போல் இருந்த காட்சி, பதிவு செய்து பார்த்தால் ஏன் சேறு கலங்கிய தண்ணீராகத் தெரிகிறது? இந்த முறை வந்த கேள்விகளில் பாதிக்கு மேல் இதையேதான் வேறு வேறு சொற்களில் கேட்கின்றன. பலர் தங்கள் அமைப்புகளின் பட்டியலையும் கூடவே அனுப்பியிருக்கிறார்கள். படித்துப் பார்த்தால் எல்லா எண்களும் உச்சத்தில் நிற்கின்றன. ஏற்றிவைத்தால் தெளிவு வந்துவிடும் என்ற நினைப்புதான் பாதிக் கோளாறுகளுக்குக் காரணம். ஆகவே கீழே பல இடங்களில் எதையாவது குறைக்கத்தான் சொல்லியிருக்கிறேன், கோபித்துக்கொள்ள வேண்டாம்.

கேள்வி: விளையாட்டு மட்டும் ஓடும்போது எந்தத் தடையும் இல்லை. ஓபிஎஸ் என்ற திரைப் பதிவு மென்பொருளில் பதிவைத் தொடங்கியதும் ஆட்டமும் திணறுகிறது, பதிவும் விட்டு விட்டு வருகிறது. கிராபிக்ஸ் கார்டை மாற்ற வேண்டுமா?

பதில்: இப்போதைக்கு வேண்டாம். எங்கே இடிக்கிறது என்று முதலில் பாருங்கள். ஓபிஎஸ் ஸ்டூடியோவில் புள்ளிவிவரப் பலகை ஒன்று இருக்கிறது. அதில் இரண்டு வரிகளைக் கவனியுங்கள். காட்சியை வரைந்து முடிக்கத் தாமதமானதால் தவறிய ஃப்ரேம்கள், அதாவது வீடியோவின் தனித்தனிப் படங்கள், ஒரு வரியில் இருக்கும். வீடியோவைச் சுருக்கும் பகுதியான என்கோடர் வேலையை முடிக்கத் தாமதமானதால் விட்டுப்போனவை இன்னொரு வரியில் இருக்கும். இரண்டுக்கும் வைத்தியம் வேறு.

இரண்டாவது எண் ஏறினால், அநேகமாக நீங்கள் எக்ஸ்264 என்கோடரைத் தேர்ந்தெடுத்திருப்பீர்கள். அது பிராசஸரின் உழைப்பில் ஓடுவது. அதே பிராசஸரைத்தான் விளையாட்டும் நம்பியிருக்கிறது. வீடியோவைச் சுருக்குவதற்கென்றே தனியான மின்சுற்று இன்டெல் பிராசஸர்களில் 2011 முதலும், என்விடியா கார்டுகளில் 2012 முதலும் வரத் தொடங்கிவிட்டது. ஏஎம்டியிலும் உண்டு. அமைப்புகளில் இன்டெலின் குவிக்சிங்க், என்விடியாவின் என்வெங்க் அல்லது ஏஎம்டியின் என்கோடர், எது உங்களுக்குக் காட்டப்படுகிறதோ அதற்கு மாறுங்கள். பெரும்பாலோர்க்கு இந்த ஒரு மாற்றத்திலேயே தொல்லை தீர்ந்துவிடும்.

முதல் எண் ஏறினால் கதை வேறு. கிராபிக்ஸ் கார்டு முழுவதையும் விளையாட்டே விழுங்கிவிட்டது என்று பொருள். ஓபிஎஸ்ஸும் தன் காட்சியை அதே கார்டில்தான் அடுக்கியாக வேண்டும். உரலுக்கு ஒரு பக்கம் இடி, மத்தளத்துக்கு இரண்டு பக்கமும் இடி என்பார்களே, அந்த மத்தளம்தான் உங்கள் கார்டு. விளையாட்டின் ஃப்ரேம் வேகத்துக்கு வரம்பு போடுங்கள். பதிவு நொடிக்கு 60 ஃப்ரேம் என்றால் விளையாட்டும் 60 அல்லது 120இல் ஓடட்டும். 144இல் ஓடும் ஆட்டத்திலிருந்து 60 ஃப்ரேம்களைப் பொறுக்கினால் இடைவெளி சீராக அமையாது. ஒரு ஃப்ரேம் கூட இழக்காவிட்டாலும் கண்ணுக்கு லேசான குலுக்கல் தெரியும். 120 என்றால் ஒன்று விட்டு ஒன்று, கணக்கு சரியாகிவிடும். வரம்பு போட்டும் எண் ஏறினால், விண்டோஸில் ஓபிஎஸ்ஸை நிர்வாகி உரிமையுடன் திறந்து பாருங்கள். கார்டில் அதற்கு முன்னுரிமை கிடைக்க அது உதவும். நிழல், பிரதிபலிப்பு ஆகியவற்றை ஒரு படி இறக்குவது கடைசி வழி. பார்ப்பவர்கள் அதைக் கண்டுபிடிக்கப் போவதில்லை.

கேள்வி: பழைய பதிவு மென்பொருள் ஒன்றை வைத்திருக்கிறேன். 20 நிமிடம் பதிவு செய்தால் 60 ஜிகாபைட் ஆகிறது. தரம் குறையாமல் சுருக்க வழி உண்டா?

பதில்: உங்கள் மென்பொருளைத் திட்டுவதற்கு முன் ஒரு கணக்கு. 1920x1080 என்றால் ஒரு ஃப்ரேமில் 20 லட்சத்து 73 ஆயிரத்துச் சொச்சம் புள்ளிகள். புள்ளிக்கு 3 பைட், நொடிக்கு 60 ஃப்ரேம் என்று பெருக்கினால் நொடிக்கு 373 மெகாபைட் வருகிறது. எதையும் சுருக்காமல் எழுதினால் உங்கள் 20 நிமிடத்துக்கு ஏறக்குறைய 448 ஜிகாபைட் தேவை. அதை 60க்குக் கொண்டுவந்திருக்கிறது அந்த மென்பொருள். அதன் காலத்துக்கு அது நல்ல வேலைதான்.

இன்று வழக்கத்தில் உள்ள எச்.264 முறை இன்னும் சாமர்த்தியமானது. முன் ஃப்ரேமுக்கும் இந்த ஃப்ரேமுக்கும் என்ன மாறியது என்பதை மட்டும் பெரும்பாலும் எழுதிக்கொள்கிறது. நொடிக்கு 50 மெகாபிட் (8 பிட் சேர்ந்தால் ஒரு பைட்) ஒதுக்கினால் அதே 20 நிமிடம் 7.5 ஜிகாபைட்டில் அடங்கிவிடும். இதில் கொஞ்சம் இழப்பு உண்டு. ஆனால் நிறுத்திவைத்துப் பெரிதாக்கிப் பார்த்தால்தான் தெரியும்.

இன்னொரு படி போகலாம். மாறுவதை மட்டும் எழுதுவதால், சதுரங்கம் மாதிரி அசையாத ஆட்டத்துக்கு மிகக் குறைந்த இடமே போதும். மழையில் புல்வெளி வழியாகக் கார் பாய்ந்தால் திரையின் ஒவ்வொரு புள்ளியும் மாறும். 50 மெகாபிட் கூடப் பற்றாமல் போகலாம். எனவே பதிவுக்கு நிலையான பிட்ரேட்டை, அதாவது நொடிக்கு இத்தனை பிட் என்ற மாறாத அளவை, பரிந்துரைக்க மாட்டேன். அது நேரலைக்கானது, இணைய இணைப்புக்கு ஒரு கொள்ளளவு இருப்பதால் அங்கே வேறு வழியில்லை. வட்டில் எழுதும்போது அந்தக் கட்டாயம் இல்லையே. தரத்தை நிலையாக வைத்து அளவை ஏறி இறங்க விடும் முறை இருக்கிறது: என்வெங்க்கில் சிக்யூபி, எக்ஸ்264இல் சிஆர்எஃப். எண் குறையக் குறைய தரம் கூடும். 18 முதல் 23 வரை எதையும் வைக்கலாம். நான் 20இல் தொடங்குவேன். பூஜ்யத்தில் வைத்துவிட்டு வட்டு நிரம்பிவிட்டது என்று எழுதுபவர்களும் இருக்கிறார்கள்.

கேள்வி: முழு எச்டி மானிட்டர், புதிய கார்டு, எல்லாம் இருந்தும் என் பதிவு மங்கலாகவே வருகிறது.

பதில்: இரண்டே இடங்களைப் பாருங்கள். ஓபிஎஸ் வீடியோ அமைப்பில் அடிப்படை அளவு, வெளியீட்டு அளவு என்று இரண்டு உண்டு. முதலாவது 1920x1080 என்றும், இரண்டாவது 1280x720 என்றும் இருந்தால் பாதிக்கு மேற்பட்ட புள்ளிகளைத் தூக்கிப் போடுகிறீர்கள். அடுத்தது, எளிய அமைப்பு முறையில் பதிவின் தரம் ‘நேரலையில் உள்ளதே’ என்று இருக்கும். நேரலைக்கென வைத்த குறைந்த பிட்ரேட்டிலேயே உங்கள் வட்டுப் பதிவும் ஓடிக்கொண்டிருக்கிறது. உயர்தரம் என்பதற்கு மாற்றுங்கள்.

கேள்வி: என் மடிக்கணினியின் திரை 1366x768. வெளியீட்டை 1080 என்று வைத்தால் எச்டி ஆகிவிடுமா?

பதில்: சட்டியில் இருந்தால்தானே அகப்பையில் வரும்? கோப்பு பெரிதாகும், எழுத்துகள் குழையும், அவ்வளவுதான். 768இலேயே பதிவு செய்யுங்கள்.

கேள்வி: மூன்று மணி நேரம் ஓடிய பதிவு. கடைசியில் கணினி உறைந்துபோனதால் அணைக்க வேண்டியதாயிற்று. எம்பி4 கோப்பு இருக்கிறது, அளவும் பெரிதாக இருக்கிறது, ஆனால் திறக்க மறுக்கிறது. மீட்க முடியுமா?

பதில்: வயிற்றைக் கலக்கும் கேள்வி, ஏனென்றால் எனக்கும் இது நடந்திருக்கிறது. ஒரு நீண்ட ஆட்டத்தின் கடைசிக் கட்டத்தை இரவெல்லாம் முயன்று ஜெயித்தேன், மின்சாரம் போனது, மறுநாள் மிஞ்சியது 30 ஜிகாபைட் ஊமைக் கோப்பு ஒன்று.

வழக்கமான எம்பி4 கோப்பில், எந்த ஃப்ரேம் எங்கே இருக்கிறது என்று சொல்லும் அட்டவணை பதிவு முடியும்போதுதான் எழுதப்படும். அதற்குள் கணினி அணைந்தால், பக்க எண்ணும் இல்லாமல் கட்டும் இல்லாமல் சிதறிய புத்தகம் போலக் காட்சி முழுவதும் உள்ளே கிடக்கும். வீடியோவை ஓட்டும் மென்பொருளுக்கு எங்கே தொடங்குவது என்று தெரியாது. அதே கணினியில் அதே அமைப்பில் எடுத்த நல்ல பதிவு ஒன்றை மாதிரியாகக் கொடுத்தால், அட்டவணையைத் திரும்பக் கட்ட முயலும் பழுதுநீக்கிகள் உண்டு. சில சமயம் பலிக்கும். அசல் கோப்பை நகலெடுத்து வைத்துக்கொண்டு முயலுங்கள்.

இனிமேல் எம்கேவி வடிவில் பதிவு செய்யுங்கள். அது பாதியில் நின்றாலும், நின்ற இடம் வரை ஓடும். எடிட்டிங் மென்பொருள் எம்கேவியை ஏற்காவிட்டால், ஓபிஎஸ்ஸின் கோப்பு மெனுவிலேயே எம்பி4ஆக மாற்றும் வசதி இருக்கிறது. மறுபடி சுருக்குவதில்லை, உறையை மட்டும் மாற்றுகிறது. ஆகவே தரமும் குறையாது, நேரமும் அதிகம் ஆகாது. புதிய பதிப்புகளில் ‘ஹைப்ரிட் எம்பி4’ என்று ஒன்று வந்திருக்கிறது. அதுவும் இந்த ஆபத்தைத் தாங்கக்கூடியது.

கேள்வி: பென் டிரைவில் பதிவு செய்கிறேன். எப்போதும் 11 நிமிடம் கடந்ததும் நின்றுவிடுகிறது. டிரைவ் பாதிகூட நிரம்பவில்லை.

பதில்: அது ஃபேட்32 முறையில் வடிவமைக்கப்பட்டிருக்கும். அதில் ஒரு கோப்பு 4 ஜிகாபைட்டைத் தாண்ட முடியாது. 50 மெகாபிட் வேகத்தில் அது பதினொன்றரை நிமிடம்தான். எக்ஸ்ஃபேட்டுக்கு மாற்றினால் சரியாகும். மாற்றும்போது உள்ளே இருப்பதெல்லாம் அழிந்துவிடும், முதலில் எடுத்து வையுங்கள். பென் டிரைவில் நேரடியாகப் பதிவு செய்வதே எனக்கு உடன்பாடில்லை. எழுதும் வேகம் பாதியில் சரிவது அவற்றுக்குப் பழக்கம். கணினியின் வட்டில் எடுத்துப் பிறகு நகலெடுங்கள்.

கேள்வி: மடிக்கணினியில் குரல் மட்டும் பதிவாகிறது, படம் முழுக்கக் கறுப்பு.

பதில்: பல மடிக்கணினிகளில் இரண்டு கிராபிக்ஸ் சில்லுகள் இருக்கும். விளையாட்டு ஒன்றில் ஓட, ஓபிஎஸ் மற்றொன்றில் உட்கார்ந்திருந்தால் இப்படி ஆகும். விண்டோஸ் காட்சி அமைப்புகளில் கிராபிக்ஸ் பகுதிக்குப் போய், எந்த மென்பொருள் எந்தச் சில்லில் ஓட வேண்டும் என்று சொல்லலாம். ஓபிஎஸ் காட்சியை எங்கிருந்து எடுக்கிறதோ அதற்கு மூலம் (சோர்ஸ்) என்று பெயர். விளையாட்டை நேரடியாகப் பிடிக்கும் மூலத்தைப் பயன்படுத்தினால், ஓபிஎஸ்ஸையும் விளையாட்டு ஓடும் அதே வேகமான சில்லுக்கு மாற்றுங்கள். திரை முழுவதையும் பிடிக்கும் மூலம் என்றால் தலைகீழ்: திரையை இயக்கும் சில்லில், பெரும்பாலும் மின்சாரத்தைச் சேமிக்கும் சில்லில், ஓபிஎஸ் இருக்க வேண்டும். மேக் என்றால் வேறு காரணம். திரைப் பதிவுக்கான அனுமதியை அமைப்புகளில் கொடுத்திருக்கிறீர்களா என்று பாருங்கள்.

கேள்வி: தொடக்கத்தில் பேச்சும் காட்சியும் ஒத்துப்போகின்றன. அரை மணி நேரம் கழித்துப் பார்த்தால் துப்பாக்கி வெடித்த பிறகுதான் சத்தம் வருகிறது.

பதில்: நல்ல கேள்வி. எப்போது விலகுகிறது என்பதையும் சேர்த்துச் சொல்லியிருக்கிறீர்களே, பாதி நோய் அதிலேயே பிடிபட்டுவிட்டது. முதல் நொடியிலிருந்தே ஒரே அளவு விலகியிருந்தால், ஓபிஎஸ் ஒலி அமைப்பில் மில்லிநொடிக் கணக்கில் தள்ளிவைத்தால் போதும். 60 ஃப்ரேம் பதிவில் ஒரு ஃப்ரேம் 16.7 மில்லிநொடி, ஆறு ஃப்ரேம் பிந்தினால் 100. எண்ணிப் பார்த்துப் போட்டுவிடலாம்.

உங்களுடையது போகப் போக வளர்வது. இரண்டு சந்தேகங்கள். மைக், விண்டோஸ், ஓபிஎஸ் மூன்றிலும் ஒலியின் மாதிரி வேகம், அதாவது ஒலியை நொடிக்கு எத்தனை முறை அளக்கிறது என்பது, ஒன்றாக இருக்கிறதா? ஒன்று 44.1 கிலோஹெர்ட்ஸ், மற்றொன்று 48 என்று இருந்தால் எல்லாவற்றையும் 48க்குக் கொண்டுவாருங்கள். அது சரியாக இருந்தால், கோப்பின் ஃப்ரேம் வேகம் மாறக்கூடியதாக இருக்கலாம். கிராபிக்ஸ் கார்டுகளோடு வரும் பதிவுக் கருவிகள் சில, ஆட்டம் மெதுவாகும் இடத்தில் குறைவான ஃப்ரேம்களையே எழுதும். வீடியோவை ஓட்டும் மென்பொருள்கள் அதைப் புரிந்துகொள்ளும், பல எடிட்டிங் மென்பொருள்கள் தடுமாறும். ஹேண்ட்பிரேக் என்ற இலவச மென்பொருளில் நிலையான ஃப்ரேம் வேகத்துக்கு மாற்றி, பிறகு வெட்டத் தொடங்குங்கள்.

நீங்கள் கேட்காத ஒன்று: ஆட்டத்தின் ஒலியையும் உங்கள் குரலையும் தனித்தனித் தடங்களில் பதியுங்கள். ஓபிஎஸ் ஆறு தடங்கள் தருகிறது. முதல் தடத்தில் எல்லாம் கலந்தது, இரண்டில் ஆட்டம், மூன்றில் குரல் என்று வைத்தால், நீங்கள் தும்மிய இடத்தை ஆட்டத்தின் இசை வெட்டுப்படாமல் நீக்கலாம்.

கேள்வி: என் கணினியில் பதிவு அருமை. யூடியூபில் ஏற்றியதும் புல், மழை, புகை எல்லாம் கட்டம் கட்டமாகிவிடுகின்றன.

பதில்: ஏற்றிய உடனே பார்த்தீர்கள் என்றால் சற்றுப் பொறுங்கள், குறைந்த தரம் முதலிலும் எச்டி பிறகும் தயாராகும். அப்படியும் கட்டங்கள் போகவில்லை என்றால், நீங்கள் எதைக் கொடுத்தாலும் யூடியூப் தன் கணக்குப்படி மறுபடி சுருக்குகிறது என்பதுதான் காரணம். 1080, 60 ஃப்ரேம் வீடியோவுக்கு நொடிக்கு 12 மெகாபிட் என்பது அவர்களே பரிந்துரைக்கும் அளவு. சுருக்கியதைச் சுருக்கும்போது இழப்பு இன்னும் கூடுவதால், அதற்கு மேலாகவே கொடுங்கள்.

விளையாட்டுப் பதிவாளர்கள் வெகு நாளாகக் கையாளும் தந்திரம் ஒன்றும் இருக்கிறது. 1080 வீடியோவை எடிட்டிங்கில் 1440 அல்லது 2160ஆகப் பெரிதாக்கி ஏற்றுகிறார்கள். பெரிய அளவுகளுக்கு யூடியூப் கூடுதல் பிட்ரேட்டும் திறமையான சுருக்க முறையும் ஒதுக்குவதால் புல்வெளி பிழைத்துக்கொள்கிறது. சட்டி, அகப்பை என்று மேலே சொன்னவன் இங்கே மாற்றிப் பேசுகிறானே என்று கேட்காதீர்கள். இங்கே புதிய தெளிவு எதுவும் வருவதில்லை. இருப்பதை அதிகம் இழக்காமல் காப்பாற்றுகிறோம், அவ்வளவே. 2160 என்பது 1080இன் சரியான இரண்டு மடங்கு என்பதால், பழைய பாணிப் புள்ளி ஓவிய விளையாட்டுகளுக்கு அது இன்னும் பொருத்தம்.

கேள்வி: கேப்சர் கார்டு வாங்கினால் தரம் கூடுமா?

பதில்: அது வேறொரு கருவியின் காட்சியைக் கணினிக்குள் கொண்டுவரும் கருவி, ஒரே கணினியில் ஆடிப் பதிவதற்குத் தேவையே இல்லை. கன்சோல் வைத்திருப்பவர்களுக்கும், ஆடுவதற்கு ஒன்று, பதிவதற்கு ஒன்று என இரண்டு கணினி வைத்திருப்பவர்களுக்கும்தான் அது.

கேள்வி: நான் எப்போதாவதுதான் நன்றாக ஆடுவேன். அந்த ஒரு நிமிடத்துக்காக மூன்று மணி நேரம் பதிவு செய்ய வேண்டுமா?

பதில்: உங்கள் நேர்மைக்கு நன்றி, நானும் அந்தக் கட்சிதான். ஓபிஎஸ்ஸில் ரீப்ளே பஃபர் என்ற வசதியை இயக்குங்கள். கடைசிச் சில நிமிடங்களை மட்டும் நினைவகத்தில் சுழற்சியாக வைத்திருக்கும். நீங்கள் ஒரு விசையை அழுத்தினால்தான் வட்டில் எழுதும். 50 மெகாபிட் வேகத்தில் 2 நிமிடத்துக்கு 750 மெகாபைட் நினைவகம் போதும். விசையை மட்டும் விளையாட்டில் பயன்படாததாகத் தேர்ந்தெடுங்கள். என் முதல் பத்துக் கோப்புகளில் நான் குதித்த குதிகள்தான் இருந்தன.