தங்கச் சுரங்க ஊரில் ஆடு மேய்த்த கவிஞர்கள்: அது வெறும் நகலா?

கேள்வி: “18-ஆம் நூற்றாண்டு பிரேசில் கவிஞர்கள் வக்கீலாகவும் நீதிபதியாகவும் இருந்துகொண்டு, தங்களை ஆடு மேய்ப்பவர்கள் என்று சொல்லிக் கவிதை எழுதினார்களாமே. ஐரோப்பாவைப் பார்த்து எழுதிய நகல்தானே அது? இன்று படிக்க அதில் என்ன இருக்கிறது?”

நிறைய இருக்கிறது. போர்த்துகீசிய மொழியை அரைகுறையாகக் கற்றுக்கொண்டு, பக்கத்தில் அகராதியை வைத்துக்கொண்டு இவர்களைப் படிக்க ஆரம்பித்தபோது எனக்கும் இதே சந்தேகம் இருந்தது. முதல் இருபது பக்கம் புல்வெளி, குழல், ஓடை, வெள்ளாட்டுக்குட்டி. அப்புறம் அந்தப் புல்வெளிக்குள் சுரங்கச் சேறு வந்து கலக்கிறது. அந்த இடத்திலிருந்துதான் எனக்குப் பிடித்துப்போயிற்று.

வேடத்தைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். 1690-இல் ரோமில் ‘ஆர்க்கேடியா’ என்ற பெயரில் ஒரு கவிஞர் கழகம் தொடங்கியது. பழைய கவிதைகளில் இடையர்கள் வாழும் கிரேக்க நிலத்தின் பெயர் அது. உறுப்பினர்கள் ஆளுக்கொரு இடையர் பெயர் வைத்துக்கொண்டார்கள். ஆடம்பர அலங்காரத்தை விட்டு, பழைய கிரேக்க, லத்தீன் ஆயர் பாட்டுகளின் எளிமைக்குத் திரும்ப வேண்டும் என்பது அவர்கள் கொள்கை. 1756-இல் லிஸ்பனிலும் அப்படி ஒன்று உருவானது. கோயிம்பிரா பல்கலைக்கழகத்தில் சட்டம் படித்த பிரேசில் இளைஞர்கள் இந்தப் பாணியை ஊருக்குக் கொண்டுவந்தார்கள். ஊர் என்றால் மீனாஸ் ஜெராய்ஸ் மாநிலத்தின் விலா ரிக்கா, இன்றைய ஓரு பிரேத்து. மலையெல்லாம் தங்கச் சுரங்கம். தோண்டியவர்கள் ஆப்பிரிக்காவிலிருந்து கொண்டுவரப்பட்ட அடிமைகள். ஊரில் அச்சகம்கூடக் கிடையாது; போர்த்துகலின் காலனியாக இருந்த பிரேசிலில் 1808 வரை அச்சுக்கூடம் வைக்க அனுமதி இல்லை. எழுதியது நூலாக வேண்டுமென்றால் கடல் தாண்டித்தான் போக வேண்டும்.

அப்படிக் கோயிம்பிராவில் 1768-இல் அச்சானதுதான் கிளாவுதியு மனுவேல் த கோஸ்தாவின் தொகுப்பு. அதன் முன்னுரையை ஒருமுறையாவது படித்துவிடுங்கள். இவை ஆர்க்கேடியாவின் பாக்கியம் பெற்ற கரைகள் அல்ல என்கிறார். இங்கே ஓடைகள் கலங்கிக் கிடக்கின்றன, பார்க்கவே நன்றாக இல்லை. மண்ணைத் தோண்டும் பேராசை அவற்றின் நிறத்தையே கெடுத்துவிட்டது என்கிறார். தண்ணீரின் ஓசை கவிதையைத் தூண்டும் என்று இலக்கணம் சொல்கிறது. இவர் ஆற்றைப் பார்க்கிறார், அலசிய மண் தெரிகிறது. தெரிவதை அப்படியே எழுதியும் வைக்கிறார். அவருடைய சானெட்டுகளிலும் (பதினான்கு வரிக் கவிதைகள்) மென்மையான புல்லைவிடப் பாறைதான் அதிகம். இயற்கை இந்தப் பாறைகளைக் கொண்டுதான் என் தொட்டிலைச் செய்தது என்று ஒரு சானெட்டே தொடங்குகிறது. நகல் எடுப்பவருக்கு இந்தப் பாறை எங்கிருந்து வரும்?

அடுத்தவர் தோமாஸ் அந்தோனியு கொன்சாகா. 1744-இல் போர்த்துகலின் போர்த்துவில் பிறந்தவர், 1782 முதல் விலா ரிக்காவில் நீதிபதி. மரியா தொரொதேயா என்ற உள்ளூர்ப் பெண்ணைக் காதலித்தார். கவிதையில் அவள் மரிலியா, இவர் திர்சேவு என்ற இடையர். முதல் பாட்டிலேயே சொல்கிறார்: மரிலியா, நான் அடுத்தவன் மாட்டை மேய்க்கும் கூலிக்காரன் அல்ல; எனக்குச் சொந்தமாக வீடும் நிலமும் இருக்கின்றன; திராட்சை மதுவும் பழமும் எண்ணெயும் அதிலேயே விளைகின்றன; என் ஆடுகளின் பாலைக் குடிக்கிறேன், அவற்றின் கம்பளியை உடுத்துகிறேன். பெண் கேட்டு வந்த மாப்பிள்ளை வசதியைச் சொல்லும் தோரணை அப்படியே இருக்கிறது.

இன்னொரு பாட்டில் வேடம் முழுக்கவே கலைந்துவிடுகிறது. திருமணத்துக்குப் பிறகு நீ எதையெல்லாம் பார்க்க வேண்டியிருக்காது என்று அவளுக்குச் சொல்கிறார். நூறு அடிமைகள் சரளைக்கல்லையும் மண்ணையும் தோண்டி எடுப்பதைப் பார்க்க மாட்டாய். கைதேர்ந்த கறுப்பின அடிமை கனத்த மணலைப் பிரித்து நீக்க, மரத்தட்டின் அடியில் பொன்மணிகள் மின்னுவதைப் பார்க்க மாட்டாய். அதற்குப் பதில், அகன்ற மேசைமேல் சிக்கலான வழக்குக் கட்டுகள் குவிந்திருப்பதையும், நான் பெரிய புத்தகங்களைப் புரட்டித் தீர்ப்புச் சொல்வதையும் பார்ப்பாய். இடையர் போய் நீதிபதி வந்துவிட்டார். “பார்க்க மாட்டாய்” என்று சொல்லிக்கொண்டே சுரங்கத்தை இவ்வளவு நுணுக்கமாகக் காட்டிவிடுகிறார். அடிமை முறையை அவர் இங்கே கண்டிக்கவில்லை. அது எனக்கு உறுத்துகிறது, உறுத்த வேண்டும். ஆனாலும் அந்தத் தட்டைச் சுழற்றிய கையை அழகான ஓடைக்குப் பின்னால் அவர் மறைக்கவில்லை.

சரி, பிறகு நடந்தது. தங்கத்தில் போர்த்துகல் அரசுக்குச் சேர வேண்டிய பங்கு ஆண்டுக்கு 100 அரோபா, ஏறக்குறைய 1,500 கிலோ. சுரங்கம் வற்ற வற்றப் பாக்கி ஏறியது. பாக்கியை மக்கள் தலையில் கட்டி வசூலிக்கப் போகிறார்கள் என்ற அச்சத்தில் போர்த்துகல் ஆட்சிக்கு எதிராக ஒரு சதித்திட்டம் உருவாகி, 1789-இல் காட்டிக்கொடுக்கப்பட்டது. இரண்டு கவிஞர்களையும் பிடித்தார்கள். கிளாவுதியு அந்த ஜூலையில் காவலிலேயே பிணமாகக் கிடந்தார். தற்கொலையா கொலையா என்ற விவாதம் இன்றும் ஓயவில்லை. கொன்சாகா ரியோவில் சிறை வைக்கப்பட்டு, 1792-இல் மொசாம்பிக்குக்கு நாடு கடத்தப்பட்டார். அங்கேயே வேறொரு பெண்ணை மணந்து, அங்கேயே இறந்தார். அவருடைய பாட்டுகளின் முதல் பாகம் லிஸ்பனில் வெளியானதும் அதே 1792-இல்தான்.

இரண்டாம் பாகத்தில் சிறை வருகிறது. மையும் பேனாவும் இல்லை. ஈரச் சுவரில் படிந்த விளக்குப் புகைதான் மை. ஒரு வீணான ஆரஞ்சுப் பழத்தின் காம்பைக் கூராக்கினால் பேனா. இந்த வரிகளைப் படித்த அன்று நான் புத்தகத்தை மூடிவிட்டேன், அதற்கு மேல் ஓடவில்லை.

நீங்கள் படிப்பதானால் முதல் பாகத்தின் முதல் பாட்டை எடுத்துக்கொள்ளுங்கள். கூடவே இரண்டாம் பாகத்தில் அதே தொடக்கம் திரும்ப வரும் பாட்டையும் பக்கத்தில் வையுங்கள். அதே மரிலியா, அதே இடையர், கிட்டத்தட்ட அதே சொற்கள். ஆனால் “நான் கூலி மேய்ப்பன் அல்ல” என்றது “நான் கூலி மேய்ப்பனாக இருந்ததில்லை” என்று மாறியிருக்கும். உன் ஊரில் மதிப்பான இடையனாக இருந்தேன், மெல்லிய கம்பளி உடுத்தினேன், வீட்டையும் மந்தையையும் பிடுங்கிக்கொண்டார்கள், இப்போது சாய்ந்து நிற்க ஒரு கோல்கூட இல்லை என்கிறார்.