கையெழுத்துப் போட்டால் தொட விட்டே ஆக வேண்டுமா?

கேள்வி: எனக்கு வயது 23. ஒரு சோதனைக் குறும்படத்தில் நடிக்கக் கேட்டிருக்கிறார்கள். முன்பின் தெரியாதவர்கள் வந்து என் தோள், இடுப்பைத் தொடுவார்கள், ‘கட்’ கிடையாதாம். “1968லேயே ஐரோப்பாவில் செய்துவிட்டார்கள்” என்கிறார் இயக்குநர். முத்திரைத்தாளில் சம்மதம் எழுதிக் கொடுத்தால் பிறகு பின்வாங்க முடியாதா?

பதில்: முடியும். கேமரா ஓடும்போதே ‘போதும்’ என்று எழுந்து வரலாம். மிஞ்சிப்போனால் பணம் கேட்பார்கள். தொட விடு என்று எந்த நீதிமன்றமும் உத்தரவு போடாது.

இயக்குநர் சொல்வது ஆஸ்திரியப் பெண் கலைஞர் வாலி எக்ஸ்போர்ட் செய்ததாக இருக்கும். மார்பில் ஒரு பெட்டியைக் கட்டிக்கொண்டு, அதன் திரைக்குள் கையை நுழைக்கச் சொல்லித் தெருவில் நின்றார். ஆனால் அது அவரே யோசித்தது. தொட்டவர் அவர் கண்ணெதிரே நிற்க வேண்டியிருந்தது. இங்கே யோசனை இயக்குநருடையது, உடம்பு உங்களுடையது. இதைச் சொல்லிவிட்டு அவர் முகத்தைப் பாருங்கள்.

தொடுவதைவிட எனக்குப் பெரிய கவலை ரஷ், அதாவது வெட்டித் தொகுக்காத படப்பதிவு. உள்ளாடையளவு காட்சி என்று வைத்துக்கொள்வோம். எடுக்கச் சம்மதித்தீர்கள், பிறரிடம் காட்டச் சம்மதிக்கவில்லை. அப்போது அதைப் பரப்புவது பாரதிய நியாய சன்ஹிதா என்ற இப்போதைய குற்றவியல் சட்டத்தின் 77-வது பிரிவின்படி குற்றம். எடுக்க ஒப்புக்கொண்டது வேறு, காட்ட ஒப்புக்கொண்டது வேறு. எடிட்டர் தன் நண்பருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பினாலும் பரப்பியதுதான். அதனால்தான் ‘எல்லா உரிமையும் தயாரிப்பாளருக்கே’ என்ற ஒற்றை வரியை நடுவில் செருகுவார்கள். அதை அடித்துவிட்டுப் பக்கத்தில் கையெழுத்திடுங்கள்.

படத்துக்கு ஆள் பிடித்துத் தரும் கோஆர்டினேட்டர் என்று ஒருவர் வருவார். வெற்றுத்தாளில் கையெழுத்து, நடிகர் அடையாள ‘கார்டு’க்குப் பணம், “நோட்டரி போட்டாச்சு, இனி மாற்ற முடியாது” என்ற மிரட்டல். நோட்டரி முத்திரைக்கு அப்படி ஒரு சக்தியும் இல்லை. அவரிடம் பேசவே பேசாதீர்கள்.

அத்துமீறினால்? சம்பளம் இல்லாமல் நடித்தாலும் 2013-ஆம் ஆண்டு பணியிடப் பாலியல் துன்புறுத்தல் தடுப்புச் சட்டம் உங்களுக்கு உண்டு. பத்துப் பேருக்குக் குறைவான படக்குழு என்றால், இத்தகைய புகார்களை விசாரிக்கும் மாவட்ட உள்ளூர்க் குழுவிடம் போக வேண்டும். அது எந்த அறையில் இருக்கிறது என்று கலெக்டர் அலுவலகத்தில் கேட்டுப் பாருங்கள். மூன்று மேசைக்கு அலையவிடுவார்கள். சட்டம் வந்து இத்தனை வருடம், ஒரு போர்டு மாட்ட முடியவில்லை. அலுத்துத் திரும்பிவிடாமல் மூன்று மாதத்துக்குள் எழுதிக் கொடுத்து, நகலில் முத்திரை வாங்குங்கள்.

சரி, நடிக்கத்தான் ஆசை என்றால் எங்கே தொடலாம், யார் தொடுவார், எத்தனை டேக், ரஷ்ஷை யார் பார்ப்பார் என்று தமிழிலேயே எழுதி வாங்குங்கள். ‘கட்’ சொல்ல ஒரு தோழியையும் கூட்டிப்போங்கள்.