பாத்திரம் கழுவுவதை வீடியோ எடுத்தால் கலையா? – கேள்வி பதில்

நிகழ்த்துகலை (கலைஞர் தன் உடலாலேயே செய்துகாட்டும் கலை), வீடியோ கலை பற்றி வந்த கேள்விகளும் என் பதில்களும்.

கேள்வி: நானும் தினமும் பாத்திரம் கழுவுகிறேன். அதையே வேறொருவர் வீடியோ எடுத்துக் காட்டினால் கலையாம். என்ன கணக்கு இது?

பதில்: நியாயமான கோபம். வெறுமனே கழுவினால் போதாது, அதற்கு ஒரு விதி வேண்டும். அமெரிக்கக் கலைஞர் மார்த்தா ராஸ்லர் 1975-இல் எடுத்த ‘செமியாட்டிக்ஸ் ஆஃப் த கிச்சன்’ (சமையலறையின் குறியியல்) வீடியோ ஆறு நிமிடம்தான். டிவி சமையல் நிகழ்ச்சி மாதிரி நின்றுகொண்டு, ஆங்கில அகரவரிசைப்படி சாமான்களை எடுத்துப் பெயர் சொல்கிறார். ஆனால் சமையல் மட்டும் நடக்கவே இல்லை. கத்தி வந்தால் காற்றைக் குத்துகிறார். அகப்பையால் இல்லாத சூப்பை மொண்டு அப்படியே பக்கவாட்டில் வீசுகிறார். முகத்தில் சிரிப்பே இல்லை. கடைசி எழுத்துகளுக்குத் தனிச் சாமானும் இல்லை. கைகளையே எழுத்தாக நீட்டுகிறார்.

கேள்வி: அப்போது இது நாடகம்தானே?

பதில்: நாடகத்தில் செத்தவர் எழுந்து வந்து வணக்கம் சொல்வார். நிகழ்த்துகலையில் களைப்பு நிஜம். தைவானில் பிறந்த கலைஞர் டெச்சிங் ஷியே, 1980 ஏப்ரலிலிருந்து ஒரு வருடம், நியூயார்க்கில் தன் இடத்தில் வைத்த வருகைப் பதிவு இயந்திரத்தில் மணிக்கு ஒருமுறை அட்டை குத்தினார். இரவும் பகலும். ஒரு மணி நேரத்துக்கு மேல் தொடர்ந்து தூங்க முடியாது, தூரமாக எங்கும் போகவும் முடியாது. 8,760 தடவையில் 133 தவறின. அதில் 94 தூங்கிப்போனதால். அந்த 94-ஐ மறைக்காமல் கணக்கில் காட்டினாரே, அதுதான் எனக்குப் பிடித்த இடம். ஒவ்வொரு முறையும் தன்னையே ஒரே ஒரு ஃப்ரேம் படம் எடுத்தார். தலையை மழித்துக்கொண்டு ஆரம்பித்தார். எல்லாவற்றையும் சேர்த்து ஓட்டிப் பார்த்தால் ஆறு நிமிடத்தில் முடி தோள்வரை வளர்கிறது.

கேள்வி: இதில் ‘அடையாளம்’ எங்கே வருகிறது? எல்லோரும் அந்தச் சொல்லையே சொல்கிறார்கள்.

பதில்: உண்மைதான், தேய்ந்துபோன சொல். ஆனால் ஷியே 1974-இல் மாலுமியாகப் போய்க் கப்பலை விட்டு அமெரிக்காவில் இறங்கியவர். 1988 வரை முறையான குடியேற்ற ஆவணம் கிடையாது. காகிதம் இல்லாத ஆள் கட்டுக்கட்டாக வருகை அட்டை சேர்க்கிறார் என்று தெரிந்த பிறகு அந்தப் படைப்பு வேறு மாதிரி தெரியும்.

கொரியக் கலைஞர் கிம்சூஜா நேர் எதிர். ‘எ நீடில் வுமன்’ (ஊசிப் பெண்) வீடியோக்களில் டோக்கியோ, டெல்லி, லாகோஸ் போன்ற நகரங்களின் கூட்டத்தில் நமக்கு முதுகு காட்டி அசையாமல் நிற்கிறார். அவர் முகம் தெரியாது. எதிரே வருபவர்கள் முறைப்பதும், கண்டுகொள்ளாமல் போவதும்தான் தெரியும். அவர் யார் என்பதை அந்தக் கண்களிலிருந்துதான் நாம் ஊகிக்க வேண்டும்.

கேள்வி: நேரில் பார்க்காமல் வீடியோ மட்டும் பார்த்தால் போதுமா?

பதில்: கேமராவுக்கென்றே செய்ததற்குப் போதும். ராஸ்லர் அந்த வகை. பார்வையாளர் முன்னால் நடந்ததன் பதிவு என்றால் மிச்சம்தான் கிடைக்கும்.

கேள்வி: நானும் முயலலாமா? போன் போதுமா?

பதில்: தாராளமாக. போனை ஓரிடத்தில் அசையாமல் வையுங்கள். தினம் செய்யும் ஒரு வேலை, ஒரே ஒரு விதி. பின்னணி இசை வேண்டாம், வேலையின் சத்தமே போதும். வீட்டில் மற்றவர்கள் ஃப்ரேமுக்குள் வந்தால் முதலிலேயே கேட்டுக்கொள்ளுங்கள். நான் துணி மடிப்பதை ஒரு வாரம் எடுத்தேன். முதல் மூன்று நாள் அழகாக மடித்திருக்கிறேன், கேமராவுக்காக. நாலாம் நாளிலிருந்துதான் என் நிஜமான கை, என் அம்மாவின் கை மாதிரியே.