ஓ. ஹென்றியை ஒரு கேஷியர் படித்தால்

கேள்வி: காதல், தியாகம், பெருநகர வாழ்க்கை ஆகியவற்றைச் சொல்லும் பழைய அமெரிக்கச் சிறுகதைகளில் எதைப் படிக்கலாம்? எல்லாரும் ஓ. ஹென்றி என்கிறார்கள். கடைசிப் பத்தியில் வரும் திருப்பத்தைத் தவிர அவரிடம் ஏதாவது இருக்கிறதா?

இருக்கிறது. கணக்கு இருக்கிறது.

நான் வங்கியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். பணிக்காலத்தில் பாதிக்கு மேல் கேஷ் கவுண்ட்டரில்தான் கழிந்தது. அதனால் இந்தப் பதிலை இலக்கிய விமர்சனமாக எடுத்துக்கொள்ளாதீர்கள். கதைகளின் முடிவுகளையும் சொல்லிவிடுவேன். நூறு வருடத்துக்கு மேல் ஆன கதைகள், ரகசியம் காப்பதில் அர்த்தமில்லை.

ஓ. ஹென்றி எனக்கு முதலில் அறிமுகமானது ஒன்பதாம் வகுப்பு ஆங்கில நான்-டீடெயில் புத்தகத்தில். ஆசிரியர் தலைப்பை வாசித்தார்: "த கிஃப்ட் ஆஃப் த மேஜை." கடைசி பெஞ்சில் இருந்த நாங்கள் நான்கு பேரும் அவருக்கு முன்னால் இருந்த மேஜையைப் பார்த்தோம். குழந்தை இயேசுவுக்குப் பொன்னும் தூபவர்க்கமும் வெள்ளைப்போளமும் கொண்டுவந்த கிழக்கு தேசத்து ஞானிகளைத்தான் ஆங்கிலத்தில் அப்படிச் சொல்வார்கள் என்று அவர் விளக்கி முடிப்பதற்குள் மணி அடித்துவிட்டது. தேர்வுக்காக அந்தக் கதையின் சுருக்கத்தை மனப்பாடம் செய்தேன். கதையைப் படிக்கவில்லை.

படித்தது வேலையில் சேர்ந்து இரண்டு மூன்று வருடம் கழித்து. அன்று மாலை எனக்கு ரொக்கம் டாலி ஆகவில்லை, ஐந்நூறு ரூபாய் குறைந்தது. வவுச்சர்களை மூன்று முறை கூட்டினேன், குப்பைக் கூடையைக் கவிழ்த்துத் தேடினேன், கிடைக்கவில்லை. கேஷியரிடம் பணம் குறைந்தால் கேஷியர்தான் கட்ட வேண்டும். கைப்பணத்தைப் போட்டுக் கட்டிவிட்டு, கடைசி பஸ்ஸைப் பிடித்து அறைக்கு வந்தேன். தூக்கம் வரவில்லை. அறை நண்பனின் பெட்டிமேல் ஓ. ஹென்றி தொகுப்பு ஒன்று கிடந்தது. முதல் வரியைப் படித்ததும் எழுந்து உட்கார்ந்துவிட்டேன். ஒரு டாலர் எண்பத்தேழு சென்ட், அவ்வளவுதான், அதிலும் அறுபது சென்ட் ஒற்றைச் சென்ட் காசுகள் என்று கதை தொடங்குகிறது. கதைநாயகி டெல்லா அதை மூன்று முறை எண்ணுகிறாள். மூன்று முறை எண்ணுகிறவளின் மனநிலையை அன்றிரவு எனக்கு யாரும் விளக்க வேண்டியிருக்கவில்லை.

கதை உங்களுக்குத் தெரிந்திருக்கும். நியூயார்க்கில் வாரம் எட்டு டாலர் வாடகையில் ஒரு குடித்தனம். கணவன் ஜிம்மின் வாரச் சம்பளம் முப்பது டாலரிலிருந்து இருபதாக இறங்கிவிட்டது. நாளை கிறிஸ்துமஸ். அந்த வீட்டில் பெருமைப்பட இரண்டே பொருள்கள்: முழங்காலுக்குக் கீழே இறங்கும் டெல்லாவின் கூந்தல், தாத்தா காலத்திலிருந்து கைமாறி வந்த ஜிம்மின் தங்கக் கடிகாரம். டெல்லா கூந்தலை இருபது டாலருக்கு விற்று, கடிகாரத்துக்கு இருபத்தோரு டாலரில் பிளாட்டினம் சங்கிலி வாங்குகிறாள். ஜிம் கடிகாரத்தை விற்று, அவள் கூந்தலுக்கு ஆமையோட்டுச் சீப்புகள் வாங்கி வருகிறான்.

இப்போது கூட்டிப் பாருங்கள். கையிருப்பு 1.87, வரவு 20, செலவு 21. மீதி 87 சென்ட். அந்த 87 சென்ட்டுடன் அவள் வீட்டுக்கு விரைந்தாள் என்று ஆசிரியர் மறக்காமல் எழுதியிருக்கிறார். கண்ணீர்க் கதை எழுதுகிறவர்கள் பொதுவாக இந்த மீதியை மறந்துவிடுவார்கள்.

ஒரே ஓர் இடத்தில் உதைக்கும். 1.87-இல் அறுபது சென்ட் ஒற்றைக் காசு என்றால், மிச்சம் 1.27 பெரிய காசுகளாக இருக்க வேண்டும். ஐந்து, பத்து, இருபத்தைந்து, ஐம்பது சென்ட் நாணயங்களை எப்படி அடுக்கினாலும் அந்தக் கடைசி இரண்டு சென்ட் வராது. அந்தக் கால அமெரிக்காவில் அச்சடிப்பதை நிறுத்திவிட்ட பழைய இரண்டு சென்ட், மூன்று சென்ட் நாணயங்கள் அவளிடம் இருந்திருந்தால்தான் உண்டு. மொத்தம் சரியாக இருந்து, சில்லறை விவரம் இடித்தால் தலைமை கேஷியர் என்ன சொல்வார் என்று எனக்குத் தெரியும்: "இன்னொரு தடவை எண்ணு."

இவ்வளவு காசுக் கணக்கு எங்கிருந்து வந்தது? ஓ. ஹென்றி என்பது புனைபெயர். வில்லியம் சிட்னி போர்ட்டர், 1862-இல் வடக்கு கரோலினாவில் பிறந்தவர். சிறுவயதில் சித்தப்பாவின் மருந்துக்கடையில் வேலை கற்று, பிறகு டெக்சாஸுக்குப் போய், ஆஸ்டின் நகரில் ஒரு வங்கியில் 1891 முதல் டெல்லராக, அதாவது கேஷ் கவுண்ட்டர் ஊழியராக இருந்தார். ஆம், எங்கள் சாதி. அந்த வங்கியில் கணக்கு வைத்த ஒழுங்கு படுமோசம் என்று அவருடைய வாழ்க்கையை எழுதியவர்கள் சொல்கிறார்கள். தணிக்கையில் பணம் குறைந்தது. 1896-இல் கைதானார், விசாரணைக்குப் போகும் வழியில் தப்பி ஹோண்டுராஸுக்குக் கப்பலேறினார். மனைவி ஏத்தல் காசநோயில் சாகக் கிடக்கிறாள் என்று தெரிந்ததும் பிடிபடுவோம் என்று தெரிந்தே திரும்பி வந்தார். 1897 ஜூலையில் அவள் இறந்தாள். அடுத்த ஆண்டு அவருக்கு ஐந்தாண்டு சிறைத் தண்டனை. வழக்கில் நின்ற தொகை 850 டாலர் சொச்சம். எடுத்தாரா இல்லையா என்று இன்றும் பேசுகிறார்கள். எனக்கு அவர்மேல் ஒருதலைப்பட்சமான இரக்கம் உண்டு, ஐந்நூறு ரூபாய்க்காகக் குப்பைக் கூடையைக் கவிழ்த்தவன் நான்.

ஒஹையோ சிறையில் இரவு நேர மருந்தாளராக வேலை பார்த்தார். நன்னடத்தைக்காகத் தண்டனை குறைந்து 1901-இல் வெளியே வந்தார். மகளிடம் அப்பா வேலையாக வெளியூர் போயிருப்பதாகத்தான் சொல்லி வைத்திருந்தார்கள். 1902-இல் நியூயார்க் போய்ச் சேர்ந்து, அங்கே ஒரு நாளிதழின் ஞாயிறு பதிப்புக்கு வாரம் ஒரு கதையாக எழுதித் தள்ளினார். டெல்லாவின் கதை அதில் 1905 டிசம்பரில் வந்தது. கணக்கில் பணம் குறைந்ததற்காகச் சிறை போனவர், அதன்பின் எழுதிய கதைகளில் ஒவ்வொரு சென்ட்டுக்கும் கணக்குக் காட்டுகிறார். இதை நான் எங்கும் படிக்கவில்லை, என் சொந்தச் சந்தேகம்.

சந்தேகம் உறுதியானது "முடிவுறாத கதை" என்ற பொருள் தரும் தலைப்புள்ள கதையில். நகர வாழ்க்கை என்று கேட்டீர்கள் அல்லவா, முதலில் இதைப் படியுங்கள். டல்சி பெரிய கடை ஒன்றில் விற்பனைப் பெண். வாரச் சம்பளம் ஆறு டாலர். அறை வாடகை இரண்டு டாலர். வார நாள்களில் காலைச் சாப்பாடு பத்து சென்ட், எரியும் கேஸ் விளக்கின்மேல் முட்டை வேகவைத்துக்கொள்கிறாள். ஞாயிறு காலை ஓட்டலில் இருபத்தைந்து சென்ட், பரிமாறும் பெண்ணுக்குப் பத்து சென்ட் டிப்ஸ். மதியச் சாப்பாடு வாரத்துக்கு அறுபது, இரவுச் சாப்பாடு 1.05. மாலைப் பத்திரிகைகளுக்கு ஆறு சென்ட், ஞாயிறு பத்திரிகைகளுக்குப் பத்து. ஆக மொத்தம் 4.76 என்கிறார். நான் பென்சிலால் ஓரத்தில் கூட்டிப் பார்த்தேன். சரியாக 4.76. மீதி ஒன்றேகால் டாலர்கூட இல்லை. அதில் துணிமணி வாங்க வேண்டும் என்று தொடங்குகிற ஆசிரியர், என்னால் முடியவில்லை என்று பேனாவை வைத்துவிடுகிறார்.

அந்தப் பெண்ணை இரவு விருந்துக்கு அழைக்கிறான் ஒரு பணக்காரத் தடியன். பெண்களைப் பார்த்தாலே எத்தனை மணி நேரமாகப் பட்டினி என்று சொல்லிவிடக்கூடியவன். நல்லபடி உடுத்திக்கொண்டு போக வேண்டுமே என்று, அடுத்த மூன்று வேளைச் சாப்பாட்டுக்கும் சேமிப்புக்கும் மிட்டாய்க்கும் பிரித்து வைத்திருந்த ஐம்பது சென்ட்டையும் போட்டு ஒரு போலி லேஸ் காலர் வாங்குகிறாள் டல்சி. கடைசி நிமிடத்தில் மனம் மாறி, உடம்பு சரியில்லை என்று சொல்லி அனுப்பிவிட்டு, பிஸ்கட்டும் ஜாமும் தின்றுவிட்டுப் படுத்துக்கொள்கிறாள். அன்றைக்குத்தான் தப்பினாள், இன்னொரு நாள் என்ன ஆகும் என்பதை ஆசிரியர் சொல்லாமலே சொல்கிறார். முடிவில் ஒரு கனவு. நியாயத் தீர்ப்பு நாளில் செழிப்பான தோற்றத்துடன் ஒரு கூட்டம் நிற்கிறது. பெண்களுக்கு வாரம் ஐந்து, ஆறு டாலர் கொடுத்து வேலை வாங்கிய முதலாளிகள் அவர்கள். நீயும் அந்தக் கூட்டமா என்று கேட்கிறார் தேவதூதர். கதைசொல்லி பதறிப்போய் மறுக்கிறார்: நான் வெறுமனே அநாதை இல்லத்துக்குத் தீ வைத்தவன், சில்லறைக்காகக் குருடனைக் கொன்றவன், அவ்வளவுதான் என்கிறார். திருப்பம் என்று பார்த்தால் இதுவும் திருப்பம்தான். ஆனால் 4.76 என்ற கூட்டுத்தொகையைக் கவனிக்காதவருக்கு இது வெறும் நகைச்சுவையாகப் போய்விடும்.

காதலும் தியாகமும் வேண்டுமென்றால் "அன்பின் பணி" என்று தமிழாக்கலாம் போன்ற ஒரு கதை. கணவன் ஜோ ஓவியம் கற்கிறான், மனைவி டீலியா இசை கற்கிறாள். பணம் தீர்ந்துவிடுகிறது. ராணுவத் தளபதி ஒருவரின் மகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுப்பதாக அவள் சொல்கிறாள். வாரக் கடைசியில் மூன்று ஐந்து டாலர் நோட்டுகளை மேஜைமேல் போடுகிறாள். ஜோ ஓவியம் விற்றதாகச் சொல்லி ஒரு பத்து, ஓர் ஐந்து, ஓர் இரண்டு, ஓர் ஒன்று என்று நோட்டுகளை எடுத்து வைக்கிறான். பதினெட்டும் பதினைந்தும் முப்பத்து மூன்று. (எந்தெந்த நோட்டு என்று பிரித்துச் சொல்கிற எழுத்தாளரை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.) இரண்டும் பொய். அவள் ஒரு சலவைக்கூடத்தில் சட்டை தேய்க்கிறாள், கையைச் சுட்டுக்கொள்கிறாள். மாடியில் யாரோ ஒரு பெண்ணுக்கு இஸ்திரிப் பெட்டி சுட்டுவிட்டது என்று கீழே எஞ்சின் அறையிலிருந்து பஞ்சும் எண்ணெயும் கொடுத்து அனுப்பியவன் ஜோ. நியூயார்க்கில் இருவரும் ஒரே சலவைக்கூடத்தில் வந்து சேர்வது நம்பக்கூடியதா? இல்லை. பரவாயில்லை. அந்தப் பஞ்சுக்காக மன்னித்துவிடலாம்.

ஒரு செய்தியைச் சொல்ல வேண்டும். ஓ. ஹென்றி ஹோண்டுராஸில் ஒளிந்திருந்த அந்தக் கிறிஸ்துமஸுக்கு, நோயாளி ஏத்தல் லேஸ் பின்னி ஒரு கைக்குட்டை செய்தாள். அதை இருபத்தைந்து டாலருக்கு விற்று, மேல்கோட்டும் வாசனைத் திரவியமும் மற்றதும் வைத்து அவருக்குப் பெட்டி கட்டி அனுப்பினாள். கட்டும்போது அவளுக்குக் காய்ச்சல் 105 டிகிரி. இது 1916-இல் வெளிவந்த அவருடைய வாழ்க்கை வரலாற்றில் இருக்கிறது. டெல்லாவின் கதையை இதற்குப் பிறகு நான் பழையபடி படிக்க முடிந்ததில்லை.

"கடைசி இலை" எல்லாருக்கும் பிடிக்கும், எனக்கு அவ்வளவாக இல்லை. நியூயார்க்கின் கிரீனிச் வில்லேஜில் நிமோனியாவில் கிடக்கும் பெண், கொடியில் கடைசி இலை விழுந்ததும் செத்துவிடுவேன் என்கிறாள். நாற்பது வருடமாக உருப்படியாக எதுவும் வரையாத கிழ ஓவியர் பெர்மன், மழையில் நனைந்தபடி சுவரில் ஓர் இலையை வரைந்துவிட்டு அதே நிமோனியாவில் போய்ச் சேர்கிறார். ஏணி, லாந்தர், பச்சையும் மஞ்சளும் குழைத்த தட்டு என்று தடயங்கள் கிடைக்கும் இடம் அழகு. மற்றபடி சர்க்கரை அதிகம். அதற்குப் பதில் வாடகை அறையில் நடக்கும் "த ஃபர்னிஷ்ட் ரூம்" என்ற இருண்ட கதையைப் படியுங்கள். ஐந்து மாதமாகக் காதலியைத் தேடி அலையும் இளைஞன், அறைக்குள் அவள் விரும்பிய பூவின் வாசனையை உணர்கிறான். வீட்டுக்காரியிடம் கேட்கிறான், அவள் இல்லையென்று சாதிக்கிறாள். அந்த இரவே அவன் கேஸைத் திறந்துவிட்டுச் சாகிறான். போன வாரம் அதே அறையில் அதே விதமாகச் செத்த பெண்ணைப் பற்றி வீட்டுக்காரி தோழியோடு பீர் குடித்தபடி பேசுகிறாள். உண்மையைச் சொன்னால் அறை வாடகைக்குப் போகாது, அவ்வளவுதான் காரணம். இங்கேயும் வாடகை.

குறைகள் உண்டு. நடை சில இடங்களில் அலங்காரத்தில் மூச்சுத் திணறும். கறுப்பினத்தவரை அவர் எழுதிய விதத்தை இன்று படிக்கக் கூசும். வாரம் ஒரு கதை என்ற அவசரம் பல கதைகளில் தெரியும். எல்லாவற்றையும் படிக்க வேண்டாம், "நாற்பது லட்சம் பேர்" என்று பொருள்படும் 1906-ஆம் ஆண்டுத் தொகுப்பு போதும், "கடைசி இலை" தவிர நான் சொன்னவை எல்லாம் அதில்தான். நியூயார்க்கில் கவனிக்கத் தகுந்தவர்கள் நானூறு பேர்தான் என்று உயர்குடிப் பிரமுகர் ஒருவர் சொல்லியிருந்தார். மக்கள்தொகை எடுத்தவரின் எண்ணிக்கைதான் எனக்குச் சரியாகப் படுகிறது என்று முன்னுரையில் பதில் சொன்னார் ஓ. ஹென்றி. அங்கேயும் எண்ணிக்கைதான்.

டெல்லாவின் கதையை ஒருமுறை என் மனைவிக்கு உரக்கப் படித்துக் காட்டினேன். கடிகாரம் எவ்வளவுக்கு விலைபோனது, சீப்பு என்ன விலை என்று கதையில் எங்குமே இல்லை, ஜிம்மின் பக்கத்து வவுச்சரை ஆசிரியர் வேண்டுமென்றே கிழித்துவிட்டார் என்று என் கண்டுபிடிப்பைச் சொன்னேன். அவள் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை.

"முடி வளர்ந்துவிடும். தாத்தா கடிகாரம் திரும்ப வருமா?" என்றாள். கொஞ்சம் கழித்து, "அந்த எண்பத்தேழு சென்ட்டை என்ன செய்தாள்?" என்று கேட்டாள்.

கதையில் இல்லை என்றேன்.

"அடுப்பில் வாணலி காய்ந்துகொண்டிருந்தது என்று படித்தீர்களே. கறி வாங்கிக்கொண்டு வந்திருப்பாள்."