ஸ்டாம்ப் பேப்பரில் எழுதிக் கொடுத்தால் விவாகரத்து ஆகிவிடுமா?

கேள்வி: திருமணமாகி ஆறு ஆண்டுகள். நான்கு வயதில் மகள் இருக்கிறாள். 14 மாதங்களாகத் திண்டுக்கல்லில் அம்மா வீட்டில் இருக்கிறேன், கணவர் கோவையில். மகளிர் காவல் நிலையத்தில் நான் கொடுத்த புகாரில் எஃப்.ஐ.ஆர். போட்டிருக்கிறார்கள். இரு வீட்டுப் பெரியவர்களும் பேசியதில் 8 லட்சமும் என் நகைகளும் தருவதாகச் சொல்கிறார்கள். ஸ்டாம்ப் பேப்பரில் எழுதி நோட்டரி முத்திரை வாங்கினால் போதுமாம். முதலில் புகாரை வாபஸ் வாங்கச் சொல்கிறார் கணவர். செய்யலாமா?

- பெயர் வெளியிட விரும்பாத வாசகி

பதில்: அந்தப் பத்திரத்தில் கையெழுத்துப் போடாதீர்கள். நோட்டரி முத்திரைக்குத் திருமணத்தை முறிக்கும் அதிகாரம் கிடையாது. சில சமூகங்களின் வழக்கப்படியான மணமுறிவை இந்து திருமணச் சட்டத்தின் 29(2) பிரிவு ஏற்கிறது என்பது உண்மை. ஆனால் அப்படியொரு வழக்கம் தொன்றுதொட்டு இருப்பதை நீதிமன்றத்தில் நிரூபித்தாக வேண்டும். பத்திரத்தை நம்பி இருவரில் யார் மறுமணம் செய்தாலும் அந்தத் திருமணம் செல்லாது. இருதார மண வழக்கும் வரும்.

உங்களுக்கான வழி அதே சட்டத்தில் 1976-இல் சேர்க்கப்பட்ட 13பி பிரிவு, அதாவது இருவரும் சம்மதித்துப் பெறும் விவாகரத்து. ஓராண்டு பிரிந்து வாழ்ந்திருக்க வேண்டும். 14 மாதம் ஆகிவிட்டதால் அதில் தடை இல்லை. இருவரும் சேர்ந்து கூட்டு மனு போட வேண்டும். குடும்ப நல நீதிமன்றம் இல்லாத ஊரில் சார்பு நீதிமன்றத்தில் போடலாம். நீங்கள் வசிக்கும் ஊரிலேயே போட முடியும். அழைப்பிதழ், திருமணப் படம், இருவரின் ஆதார், பதிவுச் சான்று இருந்தால் அதுவும் வேண்டும். மனுவில் எழுதும் பிரிந்த தேதி உங்கள் புகாரில் உள்ள தேதியோடு முரண்படாமல் பார்த்துக்கொள்ளுங்கள். நீதிபதி முதலில் கேட்பது அதைத்தான்.

மனு போட்ட நாளிலிருந்து 6 மாதம் கழித்து, 18 மாதத்துக்குள் இருவரும் மறுபடி ஆஜராகி, சம்மதம் மாறவில்லை என்று சொன்னால்தான் தீர்ப்பு. இந்த 6 மாதத்தைத் தள்ளுபடி செய்யலாம் என்று அமர்தீப் சிங் வழக்கில் 2017-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் மனு போடும் முன்பே ஒன்றரை ஆண்டு பிரிவு, சமரசம் தோற்றிருப்பது, ஜீவனாம்சமும் குழந்தை விஷயமும் முடிவாகியிருப்பது எல்லாம் பார்ப்பார்கள். அவை உதாரணங்களே, முழுப் பட்டியல் அல்ல என்று 2021-இல் அதே நீதிமன்றம் விளக்கியது. இருந்தாலும் தள்ளுபடி நீதிபதியின் விருப்புரிமை. அந்த ஒன்றரை ஆண்டு நிறைவதற்காக இன்னும் நான்கு மாதம் காத்திருப்பதைவிட இப்போதே மனு போடுவது நல்லது.

சிக்கல் வருவது இந்த இடைவெளியில்தான். தீர்ப்பு வரும்வரை இருவரில் யாரும் சம்மதத்தைத் திரும்பப் பெறலாம் என்று 1991-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அவர் பின்வாங்கினால் கொடுமை, கைவிடுதல் போன்ற காரணங்களைச் சொல்லி நீங்கள் தனி வழக்குப் போட வேண்டியதுதான். ஆகவே பணத்தையும் நகையையும் "பிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்று விடக்கூடாது. நகை மொத்தமும் கூட்டு மனு போடும் நாளுக்குள் கைக்கு வரட்டும். ஒவ்வொன்றின் எடையையும் எழுதி இருவரும் கையெழுத்திடுங்கள். "32 பவுன்" என்று மொத்தமாக எழுதினால் சண்டை அங்கேதான் தொடங்கும். பணத்தில் ஒரு பகுதி மனு போடும்போதும் மீதி இரண்டாம் முறை ஆஜராகும்போதும் உங்கள் பெயரில் டிடியாக வரட்டும். பின்தேதியிட்ட செக் வேண்டாம். திரும்பினால் செக் மோசடி வழக்கென்று இன்னொரு கோர்ட்டுக்கு அலைய வேண்டும். டிடி எண்ணை நீதிமன்றப் பதிவில் ஏற்றச் சொல்லுங்கள்.

அந்த 8 லட்சம் யாருக்கு? உங்களுக்கா, குழந்தைக்கும் சேர்த்தா? இதைத் தனித்தனியாக எழுதச் சொல்லுங்கள். "குழந்தைக்காகவும் இனி எதுவும் கேட்க மாட்டேன்" என்று ஒரு வரியை நைசாக நுழைப்பார்கள். பராமரிப்பு குழந்தையின் உரிமை. அதை விட்டுக்கொடுக்க உங்களுக்கு அதிகாரம் இல்லை. மகளின் பங்கை அவள் பெயரில் வைப்புத்தொகையாகப் போடச் சொல்லலாம். அப்பா பார்க்கும் நாள், நேரம், இடம், கோடை விடுமுறை, பாஸ்போர்ட்டுக்கான கையெழுத்து எல்லாம் எழுத்தில் இருக்கட்டும். "அவ்வப்போது பார்க்கலாம்" என்று எழுதினால், மாதம் ஒரு வக்கீல் நோட்டீஸ் வரும்.

புகார் விஷயத்தில் கணவர் சொல்வது நடக்காது. வரதட்சணைக் கொடுமைப் பிரிவில் எஃப்.ஐ.ஆர். ஆனபின் காவல் நிலையத்தில் எழுதிக்கொடுத்து வாபஸ் வாங்க முடியாது. சமரசமாகிவிட்டதென்று உயர் நீதிமன்றத்தில்தான் ரத்து மனு போட வேண்டும். உங்களுக்கு அது மதுரைக் கிளை. உங்கள் பிரமாண வாக்குமூலம் (அஃபிடவிட்) இல்லாமல் அது நகராது. பணம் முழுதும் வருவதற்கு முன் அதைக் கொடுத்துவிடாதீர்கள். அவருக்கும் பயம் இருக்கும். அதனால் கடைசித் தவணையும் உங்கள் வாக்குமூலமும் ஒரே நாளில் கைமாறும்படி உடன்படிக்கையில் எழுதுவதே வழக்கம்.

தீர்ப்பு வந்த அன்றே சான்றிட்ட நகலுக்கு விண்ணப்பியுங்கள், இரண்டு பிரதிகளாக. பாஸ்போர்ட்டுக்கு அது கேட்பார்கள். மறுமணம் எண்ணம் இருந்தால் தீர்ப்பிலிருந்து 90 நாள் கழியட்டும்.