உளவு நாவல் கட்டுரை: விளம்பரம் போலத் தெரிவது ஏன்?

வணக்கம். ஜான் லெ காரேயின் 'தி ஸ்பை ஹூ கேம் இன் ஃப்ரம் தி கோல்ட்' பற்றிய உங்கள் விக்கிப்பீடியா கட்டுரையைப் படித்தேன். விளம்பரம் போல இருக்கிறது என்று சொல்லிவிட்டார்கள், எங்கே திருத்துவது என்று கேட்டிருந்தீர்கள்.

இரண்டாவது வரியிலேயே சிக்கல்: 'உலகையே உலுக்கிய ஈடு இணையற்ற நாவல்'. யார் சொன்னது? அதை எடுத்துவிட்டு, 1963-இல் வெளியாகி குற்றப் புனைவுக்கான அந்த ஆண்டின் கோல்டு டாகர் விருது பெற்றது என்று மட்டும் எழுதுங்கள், போதும்.

கதைச்சுருக்கத்தை 'மீதியை நாவலில் காண்க' என்று முடித்திருக்கிறீர்கள். அது பின்னட்டைக்குச் சரி, கலைக்களஞ்சியத்துக்கு ஆகாது. கிழக்கு ஜெர்மன் உளவு அதிகாரி முண்ட் உண்மையில் லண்டனின் ரகசிய ஆள் என்பதைப் போட்டு உடைத்துவிடுங்கள். அது தெரியாமல், கதைநாயகனான பிரிட்டிஷ் உளவாளி லீமாஸ் கடைசியில் பெர்லின் சுவரைத் தாண்டாமல் ஏன் திரும்பி இறங்குகிறார் என்பது யாருக்கும் புரியாது.

அப்புறம், லீமாஸின் காதலி லிஸ் கோல்டை ஓரிடத்தில் நேன் பெர்ரி என்று எழுதியிருக்கிறீர்கள். அது 1965-இல் வந்த படத்தில் வைத்த பெயர். படத்தைப் பார்த்துவிட்டு எழுதினீர்களோ என்று ஒரு சந்தேகம், கோபித்துக்கொள்ளாதீர்கள்.

பின்னணிப் பகுதி ரொம்பவும் மெலிந்திருக்கிறது. பெர்லின் சுவர் எழுந்தது 1961-இல். நாவலை எழுதிய காலத்தில் ஆசிரியர் மேற்கு ஜெர்மனியில் தூதரக அதிகாரி என்ற போர்வையில் இருந்த பிரிட்டிஷ் உளவாளி. இதற்கு ஒரு பத்தியாவது ஒதுக்குங்கள். எழுதியதும் சொல்லுங்கள், மறுபடி பார்க்கிறேன்.