சிபிடி செய்யாத கவுன்சலரிடம் போவது வீணா?

கேள்வி: எனக்கு 34 வயது. மனச்சோர்வுக்காக இரண்டு மாதமாக ஒரு கவுன்சலரிடம் போகிறேன். பேசச் சொல்கிறார், கேட்கிறார், வீட்டுப் பயிற்சி எதுவும் தருவதில்லை. எண்ணங்களையும் பழக்கங்களையும் பயிற்சிகளால் மாற்றும் சிபிடி சிகிச்சை மட்டும்தான் நிரூபிக்கப்பட்ட முறை என்று யூடியூபில் பார்த்தேன். பேசிவிட்டு வந்த நாளில் அழுகை வருகிறது. மனச்சோர்வுக்குத் தந்த எஸ்சிடலோபிராம் மாத்திரை பழக்கமாகிவிடும் என்று கேள்விப்பட்டு, போன மாதம் நானே நிறுத்தினேன். அப்புறம் சில நாள் தலைசுற்றல், எரிச்சல். நான் இல்லாவிட்டால் வீட்டில் எல்லாரும் நிம்மதியாக இருப்பார்கள் என்று அடிக்கடி தோன்றுகிறது. அதைக் கவுன்சலரிடம் சொல்லவில்லை. எனக்கு எதுவுமே பலிக்காதோ?
- வாசகி, திருச்சி

பதில்: ‘நான் இல்லாவிட்டால்’ என்று எழுதினீர்களே, அதை இன்றே உங்கள் கவுன்சலருக்கு போன் செய்து சொல்லுங்கள். அடுத்த சந்திப்பு வரை காத்திருக்க வேண்டாம். வாய் வரவில்லையென்றால் இந்தக் கடிதத்தையே அனுப்புங்கள். இப்படிப்பட்ட எண்ணத்தைச் சொல்வதால் அது வலுவாகாது, மறைத்து வைப்பதில்தான் ஆபத்து. வீட்டிலும் ஒருவருக்காவது தெரியட்டும். மீதமிருக்கும் மாத்திரைகளை அவரிடமே கொடுத்துவிடுங்கள். எப்படிச் செய்யலாம் என்ற அளவுக்கு யோசனை போனால் தனியாக இருக்காதீர்கள், உடனே பக்கத்து மருத்துவமனையின் அவசரப் பிரிவுக்குப் போங்கள். அரசின் மனநல உதவி எண்ணான டெலி மானஸ்: 14416. இரவிலும் எடுப்பார்கள், தமிழில் பேசலாம், கட்டணம் கிடையாது.

சரி, முறைக்கு வருவோம். வெவ்வேறு உளசிகிச்சைகள் ஏறக்குறைய ஒரே அளவு பலன் தருவதற்கு அவற்றில் பொதுவாக இருப்பவையே காரணமாக இருக்கலாம் என்று உளவியலாளர் சால் ரோசன்ஸ்வீக் 1936-லேயே எழுதினார். மனச்சோர்வைப் பொறுத்தவரை, பிற்பாடு சிபிடியையும் மற்ற முறையான சிகிச்சைகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தபோதும் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. சிபிடி நல்ல சிகிச்சைதான். அது மட்டும்தான் சிகிச்சை என்பது தவறு.

பொதுவாக இருப்பது எது? உளவியலாளர் எட்வர்ட் போர்டின் 1979-ல் மூன்றைச் சொன்னார்: எதற்காக வருகிறோம் என்பதில் இருவருக்கும் உடன்பாடு, அதற்கு என்ன செய்யப்போகிறோம் என்பதில் உடன்பாடு, இருவருக்கும் நடுவே நம்பிக்கை. இந்த மூன்றும் கூடி வந்தவர்கள் அதிகம் தேறுகிறார்கள் என்பது ஆய்வுகளில் திரும்பத் திரும்பத் தெரிந்த விஷயம். உங்கள் விஷயத்தில் மிக முக்கியமான செய்தியே அவருக்குத் தெரியாது. அதனால் எதுவும் பலிக்கவில்லை என்று நீங்கள் முடிவுகட்ட இது நேரமே இல்லை. சிகிச்சை இன்னும் முழுதாக நடக்கவில்லை.

ஒரு விதிவிலக்கு உண்டு. திரும்பத் திரும்பக் கை கழுவும் ஓசிடி, உயரத்தையோ நாயையோ கண்டு நடுங்கும் அச்சம் போன்றவற்றில், பயப்படும் விஷயத்தைப் படிப்படியாக எதிர்கொள்ள வைக்கும் பயிற்சி அவசியம். அங்கே வெறும் பேச்சு போதாது. உங்கள் பிரச்சினை அது என்றால் ஆளை மாற்றச் சொல்லியிருப்பேன்.

இப்போது மாற்ற வேண்டாம், கேளுங்கள். "நாம் எதை நோக்கிப் போகிறோம்? எனக்குத் தேறுகிறதா என்று எப்படிப் பார்க்கிறீர்கள்?" நல்ல கவுன்சலர் இதை வரவேற்பார். பயிற்சி வேண்டுமென்றால் அதையும் கேளுங்கள். மழுப்பினாலோ கோபப்பட்டாலோ, அல்லது எல்லாவற்றையும் திறந்து பேசியும் சில வாரங்களில் கொஞ்சமும் மாற்றம் இல்லையென்றாலோ தயங்காமல் வேறொருவரிடம் போங்கள்.

பேசிவிட்டு வந்து அழுவது இயல்பு. அழுகை வந்தால் வரட்டும்.

மாத்திரை விஷயத்தில்தான் எனக்குக் கோபம். எஸ்சிடலோபிராம் போதைப் பொருள் அல்ல. ஆனால் திடீரென்று நிறுத்தினால் தலைசுற்றல், எரிச்சல், தூக்கக் கெடுதல் வரலாம் என்பதால்தான் மெதுவாகக் குறைத்து நிறுத்துகிறோம். முகம் தெரியாத ஒருவர் வீடியோவில் சொன்னதைக் கேட்டு இதையெல்லாம் முடிவு செய்யாதீர்கள். நிறுத்திய பிறகு சோர்வும் அந்த எண்ணமும் கூடியதா என்பது எழுதிக்கொடுத்த மருத்துவருக்குத் தெரிய வேண்டும். இரண்டொரு நாளில் அவரைப் பாருங்கள். அதுவரை பழைய அளவை நீங்களாகவே மறுபடி தொடங்க வேண்டாம்.